ராஜா வீட்டு சைட் என்ன விலை?

எங்கள் வீட்டு ஓனரிடம் ஒரு பிளாஸ்டிக் உறை இருக்கிறது. வீடு தீப்பிடித்தால் முதலில் எதைத் தூக்கிக்கொண்டு ஓடுவார் என்பது அவர் மனைவிக்குத் தெரியும். அதனால் அந்த அம்மாள் அதைப் பற்றிக் கேட்பதே இல்லை. உறைக்குள் இருப்பது, பெங்களூர் பொம்மனஹள்ளியில் அவர் வாங்கிய முப்பது-நாற்பது சைட்டின் (முப்பதுக்கு நாற்பது அடி மனை) ஸ்தலபுராணம்: கிரயப் பத்திரம், வில்லங்கச் சான்று, வரி ரசீதுகள், எல்லாவற்றுக்கும் அடியில் வெட்கத்தோடு ஒரு பி காத்தா.

வெளியூர்க்காரர்களுக்கு ஒரு விளக்கம். பெங்களூரில் சொத்துக்கு மாநகராட்சி எழுதிக் கொடுக்கும் ஜாதகம்தான் காத்தா; அதில் இரண்டு வகை. ஏ காத்தா என்றால் சுத்த ஜாதகம். வங்கிக்காரர் நாற்காலியை இழுத்துப் போட்டுக் கடன் கொடுப்பார். பி காத்தா என்றால் செவ்வாய் தோஷம். மொய்யை வாங்கிக்கொள்வார்கள், பந்தியில் உட்காரச் சொல்ல மாட்டார்கள்.

2024 டிசம்பரில் ஒரு காலை. ஓசூர் ரோட்டின் மேலே மெட்ரோ பாலம் தயாராகி, ரயில் மட்டும் வராமல் இருந்த காலம். பாலத்துக்குக் கீழே டீக்கடையில் ஓனர் ஒரு கன்னட தினசரியை என் மூக்குக்கு நேரே நீட்டினார்.

"சார், நீங்க படிச்சவரு. கணக்குப் போட்டுச் சொல்லுங்க. அரண்மனை நெலம் பதினஞ்சரை ஏக்கரா, ரோடு அகலம் பண்றதுக்கு. மூவாயிரத்துப் பதினோரு கோடியாம். அப்ப நம்ம சைட்டு எவ்ளோ?"

செல்போனில் தட்டினேன். "அஞ்சு கோடியே முப்பத்தஞ்சு லட்சத்துக்கு மேல."

அவர் கையில் டீ ஆறியது. "நம்ம சைட்டா?"

"நம்ம சைட்டு இல்ல. ராஜா ரேட்டுல நம்ம சைட்டு."

கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு, சட்டக் கல்லூரியில் கேட்க வேண்டிய கேள்வியை டீக்கடையில் கேட்டார்: "ராஜாவுக்கு ஏ காத்தாவா, பி காத்தாவா?"

பதில் சொல்ல 150 வருஷம் பின்னால் போக வேண்டும். வாருங்கள், மறுபடி ஒரு டீ சொல்லிவிட்டுப் போகலாம்.

முதல் விலை: 40,000 ரூபாய்

மைசூர் உடையார்களுக்கு ராஜ்ஜியத்தை இழப்பது புதிதல்ல. 1831-இல் வெள்ளைக்காரன், "உங்களுக்கு நிர்வாகம் சரியா வரலை, தள்ளுங்க" என்று சாவியைப் பிடுங்கிக்கொண்டான். திருப்பிக் கொடுத்தது 1881-இல். நடுவில் ஐம்பது வருஷம் மைசூருக்கு ராஜா உண்டு, ராஜாவுக்கு மைசூர் கிடையாது.

இந்த இடைவேளையில்தான் வீடு வாங்கினார்கள். 1873. பத்தாம் சாமராஜேந்திர உடையாருக்கு அப்போது பத்து வயது. அவருக்குக் கார்டியனாக இருந்த ஆங்கிலேய அதிகாரிகள், பையனின் சொந்தப் பணத்திலிருந்து 40,000 ரூபாயை எடுத்து, ரெவரண்ட் ஜே. காரெட் என்பவரிடமிருந்து பெங்களூர் அரண்மனைக்கான இடத்தை வாங்கினார்கள். பத்து வயதில் நாம் உண்டியலை உடைத்து பம்பரம் வாங்கினோம். அவர் உண்டியலை உடைத்ததில் அரண்மனை வந்தது.

காரெட் பாதிரியார், அதோடு பெங்களூர் சென்ட்ரல் ஹைஸ்கூலின் முதல் பிரின்சிபால். அந்தப் பள்ளிதான் பின்னாளில் சென்ட்ரல் காலேஜ் ஆனது. அங்கே படித்த ஓசூர்ப் பக்கத்துப் பையன் ஒருவர் இந்தக் கதையில் பிறகு வருவார். வாத்தியார் இடத்தை விற்றுவிட்டுப் போனார். அந்த இடத்தின் வழக்கு காகிதங்களை இன்றைக்கு எடைக்குப் போட்டால் இன்னொரு பள்ளிக்கூடம் கட்டலாம்.

"அன்னிக்கு சைட்டு எவ்ளோ சார்?" என்றார் ஓனர்.

"அன்னிக்கு சைட்டே கிடையாது. தோட்டம்தான். சைட்டுங்கற வார்த்தையைக் கண்டுபிடிச்ச அப்புறம்தான் ஊரே கெட்டுச்சு."

இணைப்பு: அவர்களுக்கும் நமக்கும்

1947 ஆகஸ்ட் 9. ஜெயசாமராஜேந்திர உடையார் இந்தியாவோடு சேரும் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டார். இந்தியாவில் சேர்ந்தாயிற்று, ஆனால் மைசூருக்குள் மக்கள் ஆட்சி எங்கே? காங்கிரஸ்காரர்கள் "மைசூர் சலோ" என்று கிளம்பினார்கள். அப்போது திவான் நம் ஆர்க்காடு ராமசாமி முதலியார். எதுகைக்குக் கஷ்டப்பட வேண்டிய பெயரா அது? "ஆர்க்காட் பாய்காட்" என்று ஊர்வலம் போனார்கள். அக்டோபரில் கே.சி. ரெட்டி முதலமைச்சரானார்.

ராஜா அதே வீட்டில் இருந்தார். வாசல் போர்டு மட்டும் மாறிக்கொண்டே இருந்தது. முதலில் மகாராஜா. 1950-இல் ராஜபிரமுகர். 1956-இல் மைசூர் கவர்னர். 1964-இல் மாற்றலாகி மதராஸ் கவர்னர். பரம்பரை ராஜாவுக்கு டிரான்ஸ்ஃபர் ஆர்டர் கொடுத்த பெருமை நம் குடியரசுக்கு உண்டு. மனிதர் அதற்கெல்லாம் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை. தத்துவம் படித்தவர், கர்நாடக இசையில் கீர்த்தனைகள் இயற்றியவர், லண்டனில் ரஷ்ய இசையமைப்பாளர் மெட்னரின் இசையைப் பதிவு செய்யப் பணம் கொடுத்தவர். ராஜ்ஜியம் போனால் என்ன, ராகம் இருக்கிறதே.

இங்கே எங்கள் சமஸ்தானத்தின் சோகத்தையும் சொல்லியாக வேண்டும். பொம்மனஹள்ளி தனி நகரசபையாக இருந்தது. எங்களுக்கென்று தலைவர், எங்களுக்கென்று சாக்கடை. 2007-இல் எங்களையும் இன்னும் ஆறு நகரசபைகளையும், கெங்கேரி டவுனையும், 110 கிராமங்களையும் சேர்த்து பெரிய பெங்களூர் மாநகராட்சியாக்கினார்கள். சரித்திரப் பெருமையில் நாங்கள் ஒன்றும் குறைந்தவர்கள் இல்லை. பக்கத்துப் பேகூரில், சுமார் 1,100 வருஷத்துக் கல்வெட்டு ஒன்று "பெங்களூரு" என்ற பெயரைச் சொல்கிறது. உடையார் வம்சம் அப்போது பிறக்கவே இல்லை. ஆனாலும் இணைப்பின்போது எங்களுக்கு மானியம் இல்லை, பீரங்கி மரியாதை இல்லை, எங்கள் ஊருக்குப் பெயர் கொடுத்த யாரோ ஒரு பொம்மனின் வாரிசுக்கு ஒரு சால்வைகூட இல்லை.

மைசூருக்கு என்ன கிடைத்தது? ஆண்டுக்கு 26 லட்சம் ரூபாய். அரசியல் சட்டத்தின் 291-ஆவது பிரிவே சொல்லிவிட்டது: இந்தப் பணத்துக்கு வருமான வரி கிடையாது. ஹைதராபாத் நிஜாமுக்கு 50 லட்சம். இந்தப் பட்டியலின் வாலில் கடோடியா என்று ஒரு குட்டி சமஸ்தானம். அதன் அரசருக்கு ஆண்டுக்கு 192 ரூபாய். மாதம் 16 ரூபாய். அந்த ராஜா மாதக் கடைசியில் யாரிடம் கைமாத்து வாங்கினாரோ.

பணம் போக, மரியாதைகள் வேறு. மைசூருக்கு 21 குண்டு மரியாதை; அந்த உச்சவரம்பைத் தொட்டவை ஹைதராபாத், பரோடா, குவாலியர், காஷ்மீர், மைசூர் என ஐந்தே சமஸ்தானங்கள். காருக்குச் சிவப்பு நம்பர் பிளேட். சிவில் நடைமுறைச் சட்டத்தில் 87-பி என்று ஒரு பிரிவு: மத்திய அரசின் சம்மதம் இல்லாமல் முன்னாள் அரசர் மேல் யாரும் வழக்குப் போட முடியாது. மளிகைக்கடை பாக்கிக்குக்கூட டெல்லிக்கு எழுதிக் கேட்க வேண்டியிருந்தது.

அரசியல் சட்டம் எழுதியவர்கள் விவரமானவர்கள். 362-ஆவது பிரிவில், ராஜாக்களுக்குக் கொடுத்த வாக்குறுதிகளை மதித்து நடப்போம் என்றார்கள். அடுத்த பிரிவிலேயே, 363-இல், அந்த ஒப்பந்தங்களைப் பற்றிய தகராறு எதையும் எந்தக் கோர்ட்டும் விசாரிக்கக் கூடாது என்றார்கள். "கல்யாணத்துக்குக் கண்டிப்பா வருவேன், ஆனா வரலைன்னா ஏன் வரலைன்னு கேக்கக் கூடாது" என்கிற மாமாவின் வாக்கு அது.

மைசூரின் ஒப்பந்தம் 1950 ஜனவரி 23-இல் கையெழுத்தானது. குடியரசு பிறக்க மூன்றே நாள். நாட்டுக்கு எது, ராஜாவின் தனிச் சொத்து எது என்று பாகம் பிரித்தார்கள். பெங்களூர் அரண்மனை ராஜாவின் பட்டியலில் விழுந்தது. அன்றைக்கு டெல்லியில் கவர்னர் ஜெனரலாக உட்கார்ந்திருந்தவர்தான் நான் சொன்ன ஓசூர்ப் பக்கத்துப் பையன், தொரப்பள்ளி ராஜாஜி. எங்கள் பொம்மனஹள்ளியிலிருந்து ஓசூர் ரோட்டைப் பிடித்து நேரே போனால், அத்திப்பள்ளி வரைக்கும் மகாராஜா, அதற்கப்புறம் மதராஸ் மாகாணம் என்றிருந்தது ஒரு காலம். எல்லைக்கு அந்தப் பக்கம் பிறந்து, இந்தப் பக்கம் காரெட் நடத்திய பள்ளியின் வாரிசுக் கல்லூரியில் படித்தவர் நாட்டின் தலைமைப் பீடத்தில் இருக்க, காரெட் விற்ற இடம் ராஜாவின் கணக்கில் ஏறியது.

ஓனருக்கு இந்த இடத்தில் மூச்சு நின்றது. "அப்ப கவர்மென்ட்டே எழுதிக் குடுத்த பேப்பர் அவங்ககிட்ட இருக்கா?"

"இருக்கு."

"அப்ப ஏ காத்தாதான்!"

அவசரப்படாதீர்கள் ஐயா.

மூன்றில் ஒரு பங்கு எம்.பி.

இந்திரா காந்தி ராஜமானியத்தை ஒழிக்கக் கிளம்பினார். 1970 செப்டம்பரில் மசோதா மக்களவையில் தேறியது. மாநிலங்களவையில் ஆதரவு 149, எதிர்ப்பு 75. மூன்றில் இரண்டு பங்கு வேண்டும். 224-இல் மூன்றில் இரண்டு பங்கு 149-ஐவிடக் கொஞ்சம் கூட. அந்தக் கொஞ்சம் ஓர் எம்.பி.யில் மூன்றில் ஒரு பங்கு. ஓர் உறுப்பினரின் தலையோ, வயிறோ, காலோ ஏதோ ஒரு பாகம் மட்டும் வந்திருந்தால் போதும், மசோதா ஜெயித்திருக்கும். நம் நாட்டில் ஓட்டுப் போட முழு ஆள்தான் வர வேண்டும் என்பதால் தோற்றது.

தோற்றால் விட்டுவிடுவார்களா? அடுத்த நாளே குடியரசுத் தலைவர் வி.வி. கிரி ஓர் உத்தரவில் கையெழுத்துப் போட்டு, அத்தனை அரசர்களின் அங்கீகாரத்தையும் ரத்து செய்தார். வாசலை மூடினால் கொல்லைப்புறம். இதே கிரி, 1965 முதல் 1967 வரை மைசூர் மாநிலத்துக் கவர்னராக இருந்தவர். உடையார் காலி செய்த பதவியில் அடுத்த வருஷம் வந்து உட்கார்ந்தவர், பிறகு உடையாரின் பட்டத்தையே காலி செய்தார்.

ராஜாக்கள் உச்ச நீதிமன்றத்துக்கு ஓடினார்கள். குவாலியரின் மாதவராவ் சிந்தியா பெயரில் வழக்கு, வாதாடியவர் நானி பால்கிவாலா, 11 நீதிபதிகள். 1970 டிசம்பர் 15-இல் கிரியின் உத்தரவு செல்லாது என்று தீர்ப்பு. 363-ஆவது பிரிவுக் கதவை அரசு இழுத்துப் பிடித்துப் பார்த்தும் கோர்ட் உள்ளே நுழைந்துவிட்டது.

அரண்மனைகளில் வெடி வெடித்து முடிப்பதற்குள் 1971 தேர்தல் வந்தது. இந்திரா பெரும் பெரும்பான்மையோடு திரும்பினார். இம்முறை எம்.பி.க்களை முழுசு முழுசாகவே எண்ணிக்கொள்ளலாம். 26-ஆவது திருத்தம் 1971 டிசம்பர் 28-இல் நடைமுறைக்கு வந்தது. மானியம் போயிற்று, பட்டம் போயிற்று, "அரசர்" என்ற சட்டச் சொல்லே போயிற்று. ராஜாக்கள் அதையும் எதிர்த்துப் பார்த்தார்கள். 1993-இல் உச்ச நீதிமன்றம் திருத்தம் செல்லும் என்று சொல்லிவிட்டது.

மைசூர் தசராவில் தங்க அம்பாரியில் ராஜா உட்கார்ந்து ஊர்வலம் போன காலமும் இதோடு முடிந்தது. சுமார் 750 கிலோ அம்பாரியை வீணாக்க முடியுமா? சாமுண்டீஸ்வரியை ஏற்றினார்கள். அவளுடைய அங்கீகாரத்தை ரத்து செய்ய எந்தக் குடியரசுத் தலைவருக்கும் துணிச்சல் வராது.

இதில் எனக்குப் பிடித்த திருப்பம் ஒன்று. ஜெயசாமராஜேந்திரர் 1974-இல் காலமானார். மகன் ஸ்ரீகண்டதத்த நரசிம்மராஜ உடையார் 1984-இல் மைசூரிலிருந்து மக்களவைக்குப் போனார். எந்தக் கட்சி? காங்கிரஸ். அப்பாவின் பணப்பையில் கை வைத்தபோது அந்தக் கட்சியின் சின்னம் பசுவும் கன்றும். மகன் போய்ச் சேர்ந்தபோது சின்னமே கை. நான்கு முறை ஜெயித்தார். எந்த சபை தன் குடும்பத்தை ராஜா இல்லை என்றதோ, அதே சபையில் ராஜாவாகப் போய் உட்கார்ந்தார். மக்களும் அவரை "மகாராஜரு" என்றுதான் கூப்பிட்டார்கள். சட்டத் திருத்தம் வாய்க்குச் செல்லாது.

இரண்டாம் விலை: 2 லட்சம்

மானியம் போனால் நிலம் இருக்கிறதே என்றுதானே நினைக்கிறீர்கள்? 1976-இல் நகர்ப்புற நில உச்சவரம்புச் சட்டம் வந்தது. பெங்களூரில் ஆளுக்கு 1,000 சதுர மீட்டர் காலி நிலம். மிச்சத்தை அரசு எடுத்துக்கொள்ளும். நஷ்டஈடு? எவ்வளவு பெரிய நிலமானாலும் 2 லட்சத்துக்கு மேல் கிடையாது. பொங்கல் வைக்கப் பானை கொடுத்தால் கரண்டியைத் திருப்பிக் கொடுப்பது மாதிரி.

உடையாரின் காலி நிலம் 11 லட்சத்து 66 ஆயிரம் சதுர மீட்டர் சொச்சம். ஏக்கரில் சுமார் 288. உச்சவரம்புக்காரர்கள், "இது எங்களுக்கு வர வேண்டியது, விற்கக் கூடாது" என்றார்கள். செல்வ வரிக்காரர்கள், "இது உங்களுடையது, மார்க்கெட் விலைக்கு வரி கட்டுங்கள்" என்றார்கள். இரண்டு பேரும் ஒரே சர்க்காரின் சம்பளப் பட்டியலில் இருப்பவர்கள். ஒருத்தர் பிள்ளை உன்னுடையது இல்லை என்கிறார். இன்னொருத்தர் பள்ளிக்கூட ஃபீஸை நீ கட்டு என்கிறார்.

உடையார் கேட்டது எளிமையான கேள்வி: விற்க முடியாத நிலத்துக்கு மார்க்கெட் ஏது? அதிகபட்சம் எனக்கு வரப்போவது 2 லட்சம். அதற்கு வரி போடுங்கள். 1977-78-இல் தொடங்கும் வரி ஆண்டுகளுக்கான இந்தச் சண்டைக்கு உச்ச நீதிமன்றம் 2015 செப்டம்பரில் தீர்ப்புச் சொன்னது: உடையார் சொன்னதே சரி, மதிப்பு 2 லட்சம். கேட்டு மகிழ அவர் இல்லை. 2013 டிசம்பர் 10-இல் போய்ச் சேர்ந்திருந்தார். ஜெயித்தது வாரிசு.

ஓனர் காத்திருந்தார். நான் தட்டினேன். 288 ஏக்கர் 2 லட்சம் என்றால், ஒரு முப்பது-நாற்பது சைட்...

"பத்தொன்பது ரூபா."

டீக்கடைக்காரர் திரும்பிப் பார்த்தார். ஓனர் டீயைக் காட்டினார். "ரெண்டு டீக்கு ஒரு ராஜா சைட்டா?"

"சில்லறை இருந்தா."

மூன்றாம் விலை: 11 கோடி

1996. கர்நாடக அரசு தனிச் சட்டம் இயற்றியது: பெங்களூர் அரண்மனை கையகப்படுத்தல் சட்டம். 472 ஏக்கர் 16 குண்டா, நஷ்டஈடு 11 கோடி. மறுபடி செல்போன். ஏக்கர் 2 லட்சத்து 33 ஆயிரத்துக்குச் சற்றுக் குறைவு. முப்பது-நாற்பது சைட் சுமார் 6,400 ரூபாய். நான் கட்டும் மாத வாடகையில் பாதிகூட இல்லை. இதைச் சத்தமாகச் சொல்லியிருக்கக் கூடாது. ஓனரின் முகத்தில் ஏதோ ஓடியது.

1997-இல் கர்நாடக உயர் நீதிமன்றம் சட்டம் செல்லும் என்றது. குடும்பம் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. மேல்முறையீடு உள்ளே போய் உட்கார்ந்தது. பிறகு நடந்ததுதான் பெங்களூரின் தனித்திறமை: நிலம் யாருடையது என்று கோர்ட்டில் வழக்கு இருக்க, அதே நிலத்தில் கல்யாணங்கள் நடந்தன, கண்காட்சிகள் நடந்தன, 2007-இல் அயர்ன் மெய்டன் வந்து கிட்டாரை அலற விட்டார்கள். நகரத்தில் பாதிப் பேர் அந்த மைதானத்தில் யாருக்கோ மொய் எழுதியிருக்கிறார்கள். யாருடைய இடத்தில் சாப்பிட்டோம் என்பது மட்டும் இன்னும் தீர்ப்பாகவில்லை.

நம் முன்னாள் ராஜாக்கள் எல்லோருமே இந்தக் காலகட்டத்தில் வக்கீல் ஆபீஸ்களில்தான் தர்பார் நடத்தினார்கள். 1948 செப்டம்பரில் நிஜாமின் நிதியமைச்சர், லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் வங்கியில் பாகிஸ்தான் தூதரின் கணக்குக்கு 10 லட்சத்து 7 ஆயிரத்து 940 பவுண்டும் 9 ஷில்லிங்கும் அனுப்பிவைத்தார். யாருக்குச் சொந்தம் என்று லண்டன் கோர்ட் சொன்னது 2019 அக்டோபரில். தொகை அதற்குள் மூன்றரைக் கோடி பவுண்டாகக் குட்டி போட்டிருந்தது. இந்தியாவுக்கும் நிஜாமின் வாரிசுகளுக்கும் ஜெயம். கோட்டா மகாராவ், அரண்மனையில் ஒரு பகுதியை ராணுவ அமைச்சகத்துக்கு வாடகைக்கு விட்டுவிட்டு, முழு அரண்மனைக்கும் வரிவிலக்கு வேண்டும் என்றார். 2016-இல் உச்ச நீதிமன்றம் சரி என்றது. ராம்பூர் நவாப் வீட்டில் மூத்த மகன், எல்லாம் சிம்மாசனத்தோடு சேர்ந்து எனக்கே என்றார்; 2019-இல் கோர்ட், "சிம்மாசனம்தான் ஒருத்தருக்கு, சொத்து பெண்கள் உட்பட எல்லா வாரிசுக்கும்" என்று பங்கு வைத்தது. நம் புதுக்கோட்டை ராஜகோபாலத் தொண்டைமானின் அரண்மனையில் இன்றைக்குக் கலெக்டர் ஆபீஸ் நடக்கிறது. மனு கொடுக்க வருகிறவர்களுக்கு ராஜ தரிசனம் போன்ற ஒரு சூழ்நிலை இலவசம்.

நான்காம் விலை: 3,011 கோடி

பல்லாரி ரோடும் ஜெயமஹால் ரோடும் அரண்மனை மதிலை உரசிக்கொண்டு ஓடுகின்றன. "ஓடுகின்றன" என்பது மரியாதைக்குச் சொல்வது. அகலப்படுத்த 15 ஏக்கர் 17 1/2 குண்டா வேண்டும். ரொக்கம் கிடையாது, டி.டி.ஆர். என்று ஒரு சான்றிதழ். அதாவது தரையைக் கொடு, ஆகாயத்தை வாங்கிக்கொள்: உன் நிலம் ரோட்டுக்குப் போனால், வேறெங்காவது கூடுதல் மாடி கட்டும் உரிமை, வேண்டாமென்றால் விற்றுக்கொள்ளலாம். 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், இன்றைய வழிகாட்டி மதிப்பில் அந்தச் சான்றிதழைக் கொடு என்றது. கூட்டிப் பார்த்தால் 3,011 கோடி.

அரசுக்குத் தலை சுற்றியது. 472 ஏக்கரையும் 11 கோடிக்கு எடுத்ததாகச் சட்டம் போட்டவர்கள், அதன் ஓரத்தில் ஒரு நாடா அகலத்துக்கு 3,011 கோடி கொடுக்க வேண்டும். இதே ரேட்டில் மொத்த நிலத்தையும் பெருக்கினால் 92,000 கோடி வருகிறது. அந்த 26 லட்சம் மானியத்தை நிறுத்தாமல் கொடுத்திருந்தால் இந்தப் பணத்தில் எத்தனை வருஷம் கொடுத்திருக்கலாம் என்று கணக்குப் போட்டேன்: மூன்றரை லட்சம் வருஷத்துக்கு மேல். துவாபர யுகத்து ராஜாக்களுக்கே அரியர்ஸோடு செட்டில் செய்திருக்கலாம்.

2025 தொடக்கத்தில் அவசரச் சட்டம் வந்தது. அதன் சாரம்: ரோடும் வேண்டாம், அகலமும் வேண்டாம் என்று அரசு பின்வாங்கிக்கொள்ள வழி. மகாராஜாவுக்குப் பணம் கொடுப்பதைவிட டிராஃபிக்கில் நிற்பதே லாபம் என்று சட்டபூர்வமாகக் கண்டுபிடித்த ஊர் எங்களுடையது. பொம்மனஹள்ளிக்காரர்களான நாங்கள், சில்க் போர்டு சிக்னலில், இந்தத் தத்துவத்தை எந்தச் சட்டமும் இல்லாமலே கடைப்பிடித்து வருகிறோம்.

இதற்கிடையில் குடும்பத்தில் புது ராஜா வந்துவிட்டார். தலக்காட்டு அலமேலம்மாவின் சாபம், உடையார்களுக்கு வாரிசு இல்லாமல் போகட்டும் என்பது; நானூறு வருஷமாகச் சொல்லப்படுவது. அவளுடைய உத்தரவுக்கு மட்டும் எந்தக் கோர்ட்டிலும் தடை வாங்க முடியவில்லை. தத்து எடுத்துத் தத்து எடுத்துச் சமாளிக்கிறார்கள். ஸ்ரீகண்டதத்தருக்குப் பின் ராணி பிரமோதா தேவி 2015-இல் யதுவீரைத் தத்தெடுத்தார். ஜெயசாமராஜேந்திரருக்கு இவர் ரத்த முறையில் கொள்ளுப்பேரன், தத்து முறையில் பேரன். ஒரே தாவலில் ஒரு தலைமுறை பிரமோஷன். தசராவில் அரண்மனைக்குள் தங்கச் சிம்மாசனத்தில் தனியார் தர்பார் நடத்துகிறார். 2024-இல் பா.ஜ.க. சார்பில் மைசூர் எம்.பி.யும் ஆனார். எம்.பி. சம்பளம் மாதம் 1 லட்சத்து 24 ஆயிரம். ஆண்டுக்கு 14 லட்சத்து 88 ஆயிரம். தாத்தா சும்மா இருக்க வாங்கியது 26 லட்சம், வரியில்லாமல். பேரன் டெல்லிக்கும் மைசூருக்கும் அலைந்து வாங்குவது அதில் பாதி சொச்சம், வரியோடு. குடியரசு என்றால் என்ன என்று குழந்தைகள் கேட்டால் இந்தக் கணக்கைக் காட்டலாம்.

காத்தா

2025 ஆகஸ்டில் எங்கள் தலைக்கு மேல் ஒருவழியாக ரயில் ஓடியது. மஞ்சள் பாதை, பொம்மனஹள்ளிக்கும் ஒரு நிலையம். டீக்கடையின் தகரக் கூரை அதிர, ஓனர் உறையை மடியில் வைத்துக்கொண்டு பழைய கேள்வியை எடுத்தார்.

"கடைசியில ராஜாவுக்கு ஏ காத்தாவா, பி காத்தாவா? நீங்க சொல்லவே இல்லையே."

யோசித்துப் பார்த்தேன். சொந்தப் பணத்தில் வாங்கியது. அரசே தனிச் சொத்து என்று எழுதிக் கொடுத்தது. பிறகு அதே அரசு, உச்சவரம்பு என்றது, வரி என்றது, 11 கோடி என்றது, சாலை என்றது, சாலை வேண்டாம் என்றது. 1997-இல் போன மேல்முறையீடு 2024 டிசம்பரிலும் நிலுவை. கையில் பேப்பர் கட்டுக்கட்டாக உண்டு. வீடு கட்ட முடியாது, விற்க முடியாது, வழக்கு மட்டும் நடத்தலாம்.

"பி காத்தா" என்றேன்.

ஓனரின் முகம் மலர்ந்ததை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். 21 குண்டு முழங்கினால்கூட அப்படி மலர்ந்திருக்காது. உறையைத் திறந்து, எல்லாவற்றுக்கும் அடியில் கிடந்த அந்தத் தாளை எடுத்து, மடிப்பு நீவி, எல்லாவற்றுக்கும் மேலே வைத்து மூடினார். டீக்கடைக்காரரிடம், "சாருக்கு இன்னொரு டீ. ஸ்பெஷல்" என்றார். ஆறு வருஷக் குடித்தனத்தில் முதல் தடவை.

டீ பாதி இறங்கும்போது கேட்டார்: "சார், அடுத்த மாசத்துலேருந்து வாடகை கொஞ்சம்..."

"ராஜா ரேட்டா?"

"சேச்சே. மெட்ரோ ரேட்டு."

எங்கள் இருவருக்கும் நடுவே இருக்கும் வாடகை ஒப்பந்தம் பதினோரு மாதத்துக்கானது. முதல் பக்கத்தில் வாக்குறுதிகள், கடைசிப் பக்கத்தில் தகராறு வந்தால் ஓனர் சொல்வதே முடிவு. கையெழுத்துப் போடுவதற்கு முன் நான் 363-ஆவது பிரிவைப் படித்திருக்க வேண்டும்.